மண்ணிசைக்கு ஒரு கழகம் வேண்டும்

தஞ்சாவூர் வீணைக்கு 2013-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. நரசிங்கம்பேட்டை நாகசுரத்துக்கு 2022-ல் கிடைத்தது. மறு ஆண்டே மானாமதுரை மண்பாண்டமும் அந்தப் பட்டியலில் சேர்ந்தது. ஒவ்வொரு முறையும் வாழ்த்துகள் குவிந்தன. ஊருக்குப் பெருமை வந்தது. ஆனால், அந்த நாகசுரத்தைக் கடைய ஆச்சா மரம் எங்கிருந்து வரும், கடத்துக்கு ஏற்ற களிமண் இன்னும் எத்தனை காலம் கிடைக்கும், இந்த வேலையைக் கற்க அடுத்து யார் வந்து உட்காருவார்கள் என்ற கேள்விகளுக்கு அந்தச் சான்றிதழில் பதில் இல்லை. இவற்றையே தன் முழுநேர வேலையாக எடுத்துக்கொள்ளும் ஓர் அமைப்பு தமிழ்நாட்டுக்குத் தேவை. இப்போதைக்கு அது கற்பனையில் மட்டும்தான் இருக்கிறது. மண்ணிசைக் கழகம் என்று அதற்குப் பெயர் வைத்துக்கொள்வோம்.

இசைக்காக அமைப்புகளைக் கட்டுவது நமக்குப் புதிதல்ல. 1927-ல் சென்னையில் நடந்த காங்கிரஸ் மாநாட்டை ஒட்டிப் பிறந்த யோசனை, அடுத்த ஆண்டு மியூசிக் அகாடமி ஆனது. மேடையில் தமிழ்ப் பாட்டு ஒலிக்க வேண்டும் என்ற கிளர்ச்சியில் 1943-ல் தமிழ் இசைச் சங்கம் எழுந்தது. மத்தியில் சங்கீத நாடக அகாதெமி 1953-ல் வந்தது. அரசு இசைக் கல்லூரிகளும் மாவட்ட இசைப் பள்ளிகளும் நடக்கின்றன. இசைக்கென்றே 2013-ல் ஒரு பல்கலைக்கழகமும் தொடங்கப்பட்டது. பாடவும் வாசிக்கவும் ஆடவும் இவை கற்றுத்தருகின்றன. கருவியை உருவாக்கும் கைகளை நினைத்துத் தொடங்கப்பட்டவை மிகக் குறைவு. 1950-களில் பேராசிரியர் பி. சாம்பமூர்த்தியின் முயற்சியில் சென்னையில் உருவான சங்கீத வாத்யாலயா அப்படியொரு தொடக்கம். கருவிகளைச் சேகரிப்பது, ஆராய்வது, செய்துபார்ப்பது என்று அது யோசித்த திசை சரியானது. அந்த யோசனை சென்னையைத் தாண்டி, கருவிகள் பிறக்கும் ஊர்களில் வேர்பிடிக்கவில்லை.

சாதாரண வாசகருக்கு இதில் என்ன இருக்கிறது? வீட்டுக் கல்யாணத்தில் நாயனம் ஒலிக்கிறது. ஊர்த் திருவிழாவில் பறையும் உறுமியும் அதிர்கின்றன. அதே ஊரில் பல கோயில்களில் தீபாராதனை நேரத்தில் இப்போது மோட்டாரில் ஓடும் முரசும் மணியும்தான் அடிக்கின்றன. பொத்தானை அழுத்தினால் போதும், ஆள் வேண்டாம். வாசிப்பவருக்கு வேலை போகும்போது கருவி செய்பவருக்கும் போகிறது. செய்பவர் தொழிலை விட்டால், பிறகு வாசிக்க விரும்பி வருகிற பிள்ளைக்கும் நல்ல கருவி கிடைக்காது. இந்த இரண்டாவது இழப்பைப் பற்றி நாம் பேசுவதே இல்லை.

கடத்தின் களிமண்

கடத்தைப் பார்க்கிறவர்களுக்கு அது ஒரு பானையாகத் தெரியும். சோற்றுப் பானைக்கும் அதற்கும் உள்ள வேறுபாடு மண்ணிலேயே தொடங்கிவிடுகிறது. மானாமதுரைக் கைவினைஞர்கள் சுற்றுவட்டாரத்தில் வெவ்வேறு இடங்களின் களிமண்ணை எடுத்துக் கலக்கிறார்கள். அதோடு நுண்ணிய மணலைச் சேர்த்து, மிதித்துப் பதப்படுத்தி, திரிகையில் வனைகிறார்கள். அதன் பிறகுதான் பெரிய வேலை. உள்ளே கல்லைக் கொடுத்து, வெளியே தட்டுப்பலகையால் விடாமல் தட்டித் தட்டி, சுவரின் கனத்தைச் சீராக்க வேண்டும். ஓரிடத்தில் கனம் கூடினாலும் நாதம் கெடும். சூளையில் வெந்து வெளியே வந்த பிறகு தட்டிப் பார்த்தால்தான் சுருதி தெரியும். அதற்கு மேல் அதைப் பெரிதாக மாற்ற வழியில்லை. அதனால்தான் வித்வான்கள் வெவ்வேறு சுருதிக்கு வெவ்வேறு கடங்களை வைத்திருக்கிறார்கள்.

விக்கு விநாயக்ராம் உலக மேடைகளுக்குக் கடத்தை எடுத்துச் சென்றார். அவர் பங்கேற்ற ‘பிளானட் டிரம்’ இசைத் தொகுப்பு 1992-ல் கிராமி விருது பெற்றது. மானாமதுரையில் கடம் செய்யும் மீனாட்சி கேசவனுக்குச் சங்கீத நாடக அகாதெமி விருது கிடைத்தது. செய்தவரின் கைக்கும் அதே அகாதெமி மரியாதை செய்தது நல்ல முன்னுதாரணம். ஆனாலும், விருது ஒருவரின் வாழ்நாள் உழைப்புக்குக் கிடைப்பது. அந்த உழைப்பை இன்னொருவர் கற்றுக்கொள்ள வேண்டுமானால் களம் வேண்டும், மண் வேண்டும், கற்கும் காலத்தில் சாப்பாட்டுக்கு வழி வேண்டும்.

மண்ணைப் பற்றி ஒரு நல்ல செய்தி உண்டு. நீர்நிலைகளிலிருந்து களிமண்ணும் வண்டலும் எடுக்க விவசாயிகளும் மண்பாண்டத் தொழிலாளர்களும் வட்டாட்சியர் அளவிலேயே அனுமதி பெறலாம் என்று தமிழக அரசு 2024-ல் நடைமுறையை எளிதாக்கியது. அலைச்சலைக் குறைத்த முடிவு அது, வரவேற்க வேண்டும். ஆனால் அனுமதிச் சீட்டு அளவைத்தான் குறிக்கும், தரத்தைக் குறிக்காது. கண்மாயின் எல்லா மண்ணும் கடத்துக்கு ஆகாது. எந்த மடையருகே, எந்த ஆழத்தில், எந்த நிற மண் நாதம் தரும் என்பது தலைமுறைகளாகத் தட்டிப் பார்த்துத் தெரிந்துகொண்ட விவரம். அதே கண்மாயில் செங்கல் சூளைக்கும் சாலை மேடாக்கவும் இயந்திரம் இறங்கி அந்த அடுக்கை அள்ளிக்கொண்டு போய்விட்டால், சட்டப்படி அனுமதி கையில் இருக்கும். கடத்துக்கான மண் இருக்காது.

இடிந்த வீட்டு உத்தரங்கள்

கும்பகோணம் பக்கத்து நரசிங்கம்பேட்டைக்கு வருவோம். டி.என். ராஜரத்தினம் பிள்ளை வாசித்த நீண்ட பாரி நாயனத்தைச் செய்துகொடுத்தவர் இவ்வூர் ரங்கநாதன் ஆசாரி. வாசிப்பவரின் காதும் செய்பவரின் கையும் சேர்ந்து ஒரு கருவியின் குரலையே மாற்றிய நிகழ்வு அது. இன்று நாம் கேட்கும் நாகசுரத்தின் கம்பீரத்தில் பாதி அந்தப் பட்டறையிலிருந்து வந்தது என்றே சொல்வேன்.

நாயனத்தின் உடல் ஆச்சா மரத்தில் ஆனது. புதிதாக வெட்டிய மரம் உதவாது. பழைய வீடுகளை இடிக்கும்போது கிடைக்கும் உத்தரத்தையும் தூணையும்தான் தேடிப்போய் வாங்குகிறார்கள். பல பத்தாண்டுகள் காற்றில் காய்ந்து ஈரம் முற்றிலும் வடிந்த மரம்தான் கடைந்தால் வெடிக்காது. வாசிப்பவரின் மூச்சு ஈரத்துக்கும் வளையாது. இதில் உள்ள ஆபத்தை யாரும் சொல்லாமலே புரிந்துகொள்ளலாம். முன்னாளில் ஆச்சாவில் கட்டிய வீடுகளின் எண்ணிக்கை இனிக் கூடப்போவதில்லை. இருப்பதும் இடிந்து தீர்ந்த பிறகு என்ன செய்வது? இன்றைக்கு ஆச்சாக் கன்று நட்டால், அது வளர்ந்து, வெட்டி, உலர்ந்து நாயனமாக இரண்டு தலைமுறை ஆகும். அதனால், நடுகிற வேலையைத் தள்ளிப்போட நேரமில்லை.

உடலைவிடச் சிறியது சீவாளி. நாயனக்காரரின் உயிர்நாடி அது. ஒரு கச்சேரிக்குப் பல சீவாளிகளைக் கருவியிலேயே நூலில் கோத்துத் தொங்கவிட்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். ஆற்றங்கரை நாணலை அறுத்து, உலர்த்தி, அவித்து, பதம் பார்த்துக் கட்டும் நுணுக்கமான வேலைக்குத் திருவாவடுதுறை பேர்போன ஊர். நாணல் வளரக் கரை வேண்டும்; கரையில் மணலும் ஈரமும் வேண்டும். காவிரியிலும் கொள்ளிடத்திலும் மணல் அள்ளியதால் ஆற்றுப்படுகை எவ்வளவு தாழ்ந்தது என்று விவசாயிகளும் நீரியல் வல்லுநர்களும் ஆண்டுக்கணக்காகச் சொல்லிவருகிறார்கள். பாசனத்தைப் பற்றியும் குடிநீரைப் பற்றியும் நடக்கும் அந்த விவாதத்தில் சீவாளிக்கும் ஒரு வரி உண்டு.

புயலில் சாய்ந்த பலா

வீணைக்கும் மிருதங்கத்துக்கும் பலா. தஞ்சாவூர் வீணைக்குப் பண்ருட்டிப் பக்கத்திலிருந்து மரம் வருகிறது. குடம், தண்டி எல்லாம் சேர்த்து ஒரே மரத்தில் குடைந்தெடுக்கும் ஏகாந்த வீணைக்கு எவ்வளவு பருத்த, முற்றிய அடிமரம் வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள். 2011 டிசம்பர் 30 அன்று கரையேறிய தானே புயல், கடலூர் மாவட்டத்தின் பலாவையும் முந்திரியையும் வேரோடு சாய்த்தது. 2018 நவம்பரில் கஜா புயல் புதுக்கோட்டை, தஞ்சைப் பகுதிகளின் தென்னையோடு பலாவையும் வீழ்த்தியது.

கஜாவுக்கு மூன்று வாரங்களுக்கு முன்னால், இத்தாலியின் வட மலைக் காடுகளையும் ஒரு பெரும்புயல் புரட்டிப்போட்டது. ஸ்ட்ராடிவாரி தன் வயலின்களுக்கு மரம் தேர்ந்ததாகச் சொல்லப்படும் பனேவெஜ்ஜோ காட்டுப் பகுதியும் அதில் அடிபட்டது. சாய்ந்த மரங்களுக்கு நடுவே இசைக்கருவிக்கு உகந்தவை எவை என்று தேடிப் பிரிக்க அங்கே ஆட்கள் இறங்கினார்கள். காட்டைப் பராமரிப்பவருக்கும் மரம் அறுப்பவருக்கும் வயலின் செய்பவருக்கும் இடையே நெடுங்காலத் தொடர்பு இருந்ததால் அது முடிந்தது. வயலின் செய்யும் கிரெமோனா நகரில் அதற்கென்றே ஒரு பள்ளி 1938 முதல் இயங்குகிறது. அந்நகரின் வயலின் கைவினையை யுனெஸ்கோ 2012-ல் தன் மரபுப் பட்டியலில் சேர்த்தது.

பண்ருட்டி விவசாயிக்கும் தஞ்சை வீணை ஆசாரிக்கும் நடுவே இன்று இருப்பவர் மர வியாபாரி மட்டுமே. அடுத்த புயல் வரும். அப்போது சாய்ந்த பலா விறகு விலைக்குப் போகாமல், மரத்தைத் தட்டிப் பார்த்துத் தேர்ந்தெடுத்து, விவசாயிக்குக் கூடுதல் விலை கொடுத்து, உலர்த்திச் சேமிக்க ஒரு மரக்கிடங்கு இருந்தால் இரு தரப்புக்கும் லாபம்.

தோலைத் தொடும் கைகள்

மிருதங்கத்தின் நாதம் தோலில் இருக்கிறது. பசுத்தோல், ஆட்டுத்தோல், இழுத்துக் கட்ட எருமைத்தோல் வார் என்று ஒவ்வொன்றையும் பார்த்துப் பார்த்துத் தேர்ந்து, மூட்டுக் கட்டி, கரணை வைத்து, சுருதிக்குக் கொண்டுவருகிறார்கள். பாலக்காடு மணி ஐயரின் வாசிப்பைப் போற்றுகிற எல்லோருக்கும், அவருக்கு மிருதங்கம் செய்துகொடுத்த தஞ்சாவூர் பர்லாந்தின் பெயர் தெரிந்திருக்கவில்லை. டி.எம். கிருஷ்ணா 2020-ல் வெளியிட்ட ‘செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்’ நூல் இந்தக் குடும்பங்களின் கதையை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தது. மிருதங்கம் செய்பவர்களில் பெரும்பாலோர் தலித் கிறிஸ்தவர்கள். கருவி மேடையேறுகிறது, அதைச் செய்தவர் மேடைக்கு வெளியே நிற்கிறார். இந்த அநீதி தானாகத் தீரும் என்று காத்திருப்பதில் பொருளில்லை.

பறைக்கும் இதே கதைதான், இன்னும் கடுமையாக. வேம்பில் செய்த வளையம், தோல், அடிக்குச்சி, சிண்டுக்குச்சி, காய்ச்சுவதற்குக் கொஞ்சம் நெருப்பு. இவ்வளவுதான் கருவி. அதைத் தொட்டதற்காக மனிதர்களைத் தள்ளிவைத்த வரலாறு நீண்டது. மதுரை வேலு ஆசானுக்கு 2025-ல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டபோது, பறையைக் கையில் எடுத்த எத்தனையோ இளைஞர்கள், பெண்கள் நிமிர்ந்து நின்றார்கள். இன்று கல்லூரி மாணவர்கள் சாதி பாராமல் பறை கற்கிறார்கள். ஆனால் நல்ல தோல் பறை கிடைப்பது அருகி வருகிறது. மழைக்காலத்தில் செயற்கைத் தோலை நாடுகிறார்கள். பயிற்சிக்கு அது போதும், குறை சொல்ல மாட்டேன். நெருப்பில் காய்ந்த தோலின் அதிர்வை அது தருவதில்லை.

இங்கே ஓர் எதிர்ப்பு எழும், நியாயமான எதிர்ப்புதான். குயவர் மகன் குயவராகவும், தோல் வேலை செய்பவர் மகள் தோல் வேலையிலுமே இருக்க வேண்டும் என்று சொல்கிறீர்களா? பள்ளிக்கும் கல்லூரிக்கும் போய் மேலே வந்த பிள்ளைகளை மறுபடியும் பட்டறைக்கு இழுக்கப் பார்க்கிறீர்களா? இல்லை. குலத்தொழிலைப் புதுப்பெயரில் திணிக்கும் எந்தத் திட்டத்தையும் தமிழ்நாடு ஏற்காது, ஏற்கவும் கூடாது. கழகத்தின் வாசல் எல்லாச் சாதியினருக்கும், ஆணுக்கும் பெண்ணுக்கும் திறந்திருக்க வேண்டும். மிருதங்கம் வாசிக்கக் கற்கும் பிள்ளை மூட்டுக் கட்டவும் கற்கட்டும். வீணை வகுப்புக்குப் போகும் பெண் மெழுகு உருக்கி மெட்டு பதிக்கக் கற்கட்டும். தோலைத் தொடும் வேலை ஒரு சாதியின் வேலையாக இருக்கும் வரை அதற்கு மரியாதையும் வராது, கூலியும் ஏறாது.

என்ன செய்யலாம்?

கழகத்துக்குச் சென்னையில் பளிங்குக் கட்டிடம் வேண்டாம். மானாமதுரை, நரசிங்கம்பேட்டை, தஞ்சாவூர், பண்ருட்டி, மதுரை என்று கருவியும் மூலப்பொருளும் இருக்கும் இடங்களில் பட்டறைகளாக அது இருக்கட்டும். நிர்வாகக் குழுவில் பாதிப் பேராவது கருவி செய்பவர்களாக இருக்க வேண்டும். வித்வான்களும் அதிகாரிகளும் மட்டும் கூடிப் பேசும் இன்னொரு குழு நமக்குத் தேவையில்லை.

முதலில் ஆசிரியர்கள். பட்டம் இல்லை என்பதற்காக ஓர் ஆசாரியை வகுப்பறைக்கு வெளியே நிறுத்த வேண்டிய கட்டாயம் இப்போது இல்லை. பல்கலைக்கழக மானியக் குழு 2022-ல் கொண்டுவந்த நடைமுறைப் பேராசிரியர் திட்டம், நீண்ட தொழில் அனுபவம் உள்ளவர்களைப் பட்டம் கேட்காமல் நியமிக்க இடம் தருகிறது. இசைப் பல்கலைக்கழகம் இதைப் பயன்படுத்தி, கடம் வனைபவரையும் நாயனம் கடைபவரையும் மூட்டுக் கட்டுபவரையும் பேராசிரியர்களாக அழைக்கலாம். கற்க வருபவர்களுக்கு மூன்று ஆண்டுகளாவது உதவித்தொகை வேண்டும். சீவாளியின் பதம் ஆறு மாதச் சான்றிதழ்ப் படிப்பில் கைக்கு வராது.

மூலப்பொருளில் அரசின் கைகளிலேயே நிறைய இருக்கிறது. பசுமைத் தமிழ்நாடு இயக்கம் 2022 முதல் மரக்கன்றுகளை நட்டுவருகிறது. அதில் ஆச்சாவுக்கும் பலாவுக்கும் வேம்புக்கும் கருவித் தோப்புகள் என்று தனி இடம் ஒதுக்கலாம். கோயில் நிலங்களில் தரிசாகக் கிடப்பவற்றைக்கூட இதற்குப் பயன்படுத்தலாம். வாத்தியத்தை வாழவைத்த கோயில்கள் மரத்தையும் வளர்ப்பது பொருத்தமே. கொள்ளிடக் கரையில் நாணல் உள்ள பகுதிகளை அளந்து, மணல் அள்ளத் தடை உள்ள இடங்களாக அறிவிக்க வேண்டும்.

ஆராய்ச்சிக்கு வெளிநாடு போக வேண்டாம். சென்னை அடையாறில் மத்தியத் தோல் ஆராய்ச்சி நிறுவனம் 1948 முதல் இருக்கிறது. கருவிக்கான தோலை மழையிலும் தொய்யாமல் பதப்படுத்துவது எப்படி என்பது அவர்களால் விடை காணக்கூடிய கேள்வி. கோவையில் வன மரபியல் மற்றும் மரப்பெருக்கு நிறுவனம் இருக்கிறது. விரைவில் முற்றும் ஆச்சாவைப் பற்றி அவர்களிடம் கேட்கலாம். கேட்பதற்கு ஓர் ஆள் வேண்டும். அந்த ஆளாகக் கழகம் இருக்கும்.

கொள்முதல் முறையையும் மாற்ற வேண்டும். இசைப் பள்ளிகளுக்கும் கோயில்களுக்கும் கருவி வாங்கும்போது குறைந்த விலை ஒப்பந்தப்புள்ளி என்ற விதியைப் பொருத்தினால், வருவது குறைந்த விலைக் கருவியாகத்தான் இருக்கும். மேசை நாற்காலிக்கு உள்ள விதி நாயனத்துக்குச் சரிவராது. செய்தவரிடமிருந்தே நேரடியாக, வித்வான் ஒருவர் வாசித்துப் பார்த்துச் சம்மதித்த விலையில் வாங்க அரசு விலக்கு அளிக்கட்டும். கருவியில் செய்தவர் பெயரைப் பொறிக்கட்டும். கச்சேரி அழைப்பிதழில் பக்கவாத்தியக்காரர் பெயருக்குக் கீழே கருவி செய்தவர் பெயரை அச்சிடச் சபாக்களுக்கு ஒரு ரூபாய்கூடச் செலவாகாது. வரும் மார்கழியிலேயே தொடங்கலாம்.

இன்னொன்று, காணொளி ஆவணம். இந்தக் கைத்திறன்களில் பெரும்பாலானவை எங்கும் எழுதப்படாதவை. எந்த மண், எத்தனை மிதி, எந்தச் சத்தத்தில் தட்டலை நிறுத்துவது என்பதைச் செய்பவர்களே தங்கள் பேச்சுத் தமிழில் சொல்ல, படமும் ஒலியும் பதிவாக வேண்டும். பதிவின் உரிமை அவர்களிடமே இருக்க வேண்டும்.

கழகம் முழுவதுமாக அமைய ஆண்டுகள் பிடிக்கலாம். கடத்துக்கான மண்ணைக் காக்க அவ்வளவு காலம் தேவையில்லை. சிவகங்கை மாவட்ட நிர்வாகம், கடம் செய்பவர்களையும் நீர்வளத் துறை, கனிமவளத் துறை அதிகாரிகளையும் ஒரே நாளில் கண்மாய்க் கரைக்கு அழைத்துச் செல்லட்டும். அவர்கள் காட்டும் பகுதிகளுக்கு எல்லைக்கல் நட்டு, வேறு எந்தத் தேவைக்கும் அங்கே மண் எடுக்கக் கூடாது என்று வரும் கோடைக்குள் உத்தரவு போடட்டும். அதற்கு ஆட்சியர் கையெழுத்து ஒன்று போதும்.